காசிமேட்டை ஒரு வருஷம் விட்டுருங்க: சண்டே போட்டோ வாக் அட்மின்களுக்கு ஒரு திறந்த மடல்

அட்மின் அண்ணன்களுக்கும் அக்காக்களுக்கும் வணக்கம்.

சென்னையில ஞாயித்துக்கிழமை ஆனா விடியறதுக்கு முன்னாடியே கேமராவும் பையுமா ஒரு கூட்டத்த தெருவுக்கு கூட்டிட்டு போற எல்லா குரூப்புக்கும் சேத்துதான் இத எழுதறேன். ஒரே ஒரு குரூப்ப மனசுல வச்சுக்கிட்டு எழுதல, அதனால இது எங்களத்தான் சொல்றான்னு யாரும் ஸ்க்ரீன்ஷாட் எடுத்து உள்குரூப்புல போட்டு பஞ்சாயத்து வைக்காதீங்க. நான் ராயபுரத்துக்காரன், உங்க வாக்குக்கெல்லாம் வந்திருக்கேன், இனியும் வருவேன். உங்களாலதான் எத்தனையோ பேரு கேமராவ ஆட்டோ மோடுல இருந்து வெளிய எடுத்தாங்க, தனியா போக யோசிக்கிற பொண்ணுங்க குரூப்பா வந்து தைரியமா தெருவுல நின்னு எடுக்குறாங்கன்னா அதுக்கும் நீங்கதான் காரணம். அதையெல்லாம் இல்லன்னு சொல்ல வரல.

கேக்குறது ரெண்டே விஷயம். ஒண்ணு, காசிமேடு மீன்பிடி ஹார்பர், கோயம்பேடு பூ மார்க்கெட், அடையாறு உடைஞ்ச பாலம், மயானக் கொள்ளை, அறுபத்துமூவர், பட்டினப்பாக்கத்துல பிள்ளையார் கரைக்கிறது, இந்த லிஸ்ட்ட ஒரு வருஷத்துக்கு மட்டும் ஓரமா வைங்க. ரெண்டு, எந்த இடம், என்ன தேதி, என்ன நடக்குதுன்னு எழுதாத போட்டோவ ஃபீச்சர் பண்ணாதீங்க, எவ்ளோ அழகா இருந்தாலும் சரி.

ஏன் உங்ககிட்ட கேக்கறேன், எடுக்கிறவங்ககிட்ட கேக்க வேண்டியதுதானன்னு தோணும். ரூட்ட முடிவு பண்றது நீங்க. அந்த வாரத்தோட பெஸ்ட் போட்டோன்னு ஒண்ண மேல தூக்கி வைக்கிறதும் நீங்க. இந்த வாரம் நீங்க ஒரு சில்லவுட்ட (வெளிச்சத்துக்கு எதிர்ல கறுப்பா தெரியற உருவம்) தூக்கி வச்சா அடுத்த வாரம் வர்றது பூரா சில்லவுட்டு, பனிமூட்டத்துல நடந்து போற ஆள தூக்கி வச்சா அடுத்த வாரம் ஏப்ரல் மாசத்துலயும் பனிமூட்டம் வந்துரும், போட்டோ எடிட் பண்ண லைட்ரூம் இருக்குல்ல. உங்க கை காட்டுற பக்கம்தான் இந்த ஊரு கேமரா திரும்புது. சும்மா ஹாபி குரூப்புன்னு நீங்க நெனச்சுக்கிட்டு இருக்கலாம், ஆனா மெட்ராஸோட இன்னிக்கு நாள் எப்படி இருந்துச்சுன்னு அம்பது வருஷம் கழிச்சு எவனாவது தேடுனா அவன் கைக்கு சிக்கப் போறதுல பாதி உங்க ஆளுங்க எடுத்ததுதான். பேப்பர்காரங்க நியூஸுக்கு போவாங்க, கல்யாண போட்டோகிராபர் கல்யாணத்துக்கு போவாரு, ஒண்ணுமே நடக்காத ஒரு காலைல தெருவுல நின்னு எடுக்க வேற யாரு இருக்கா.

சரி, காசிமேட்டையே எடுத்துக்குவோம். எங்க ஏரியான்றதால கொஞ்சம் ஓவராவே பேசுவேன், பொறுத்துக்குங்க.

ஞாயித்துக்கிழமை அஞ்சு மணிக்கு ஹார்பர் உள்ள போனா மீன் வாங்க வந்த கூட்டம் ஒரு பக்கம், ஏலம் விடுற சத்தம் ஒரு பக்கம், ஐஸ் ஒடைக்கிற மெஷின் ஒரு பக்கம், இதுக்கு நடுவுல ஒரே மாதிரி டீஷர்ட் போட்டுக்கிட்டு நம்ம ஆளுங்க. எடுக்குற படமும் தெரிஞ்சதுதான். சூரியனுக்கு முன்னாடி கூடை தூக்கிட்டு போறவரு, சுருக்கம் விழுந்த ஆயா முகம், மீனோட கண்ணு க்ளோஸப்ல, தலைக்கு மேல பறவைங்க, வளைஞ்சு கெடக்குற கயிறு. ஒரு அக்கா கூடைய கீழ இறக்கி வச்சுட்டு ஒரு தம்பிய பாத்து கேட்டுச்சு, "இன்னாப்பா, போன வாரமும் இதே மூஞ்சியத்தான புடிச்ச, இன்னும் அலுக்கலயா ஒனக்கு?" தம்பி சிரிச்சுக்கிட்டே இன்னொண்ணு எடுத்தான். அக்கா கேட்டது நியாயமான கேள்வி, அதுக்கு யாரும் இன்னும் பதில் சொல்லல.

ஏன்னா அந்த முகத்த தவிர அங்க நடக்கற எதையும் நாம எடுக்கல. ஏலத்துல யாரு காச கையில எடுத்துட்டு வர்றா, யாரு கடனுக்கு எடுக்கறா, போட்டுல போனவனுக்கு பங்கு எப்படி பிரியுது, டீசலுக்கு எவ்ளோ போச்சு, ஏலத்துல எடுத்த மீன அந்த அக்கா எந்த வண்டில ஏத்தி எந்த மார்க்கெட்டுக்கு கொண்டு போறாங்க, மத்தியானம் வெயில்ல மீதி மீன எத்தனைக்கு தள்ளி விடுறாங்க. அக்கா கூட ஹார்பர் கேட்ட தாண்டி வெளிய போன போட்டோ நான் பாத்தது ரொம்ப ரொம்ப கம்மி. ஏழு மணி ஆனா லைட்டு போச்சுன்னு சொல்லிட்டு நாம இட்லி சாப்ட போயிடறோம். அவங்களுக்கு அப்பதான் நாளே ஆரம்பிக்குது.

மீன்பாடி வண்டி இருக்குல்ல, பைக் இன்ஜின மாட்டிக்கிட்டு டபடபன்னு ஓடுற மூணு சக்கர வண்டி, வட சென்னையில அத பாக்காம ஒரு தெரு தாண்ட முடியாது. மீன், ஐஸ், கம்பி, மூங்கில், பழைய பேப்பர், கட்சி மீட்டிங் சேர், எல்லாம் அதுலதான் போவும். அந்த வண்டிய ஓட்டுறது யாரு, எந்த பட்டறையில கட்டுறாங்க, இன்ஜின் எங்க கெடைக்குது, சீட்டு இல்லாத வண்டில எப்படி ஒக்காந்து ஓட்டுறாங்க, இதுக்கு ஒரு வரிசையா போட்டோ யாராவது எடுத்து வச்சிருக்கீங்களா? ஒரு நாள் அது மொத்தமா காணாம போவும், அப்புறம் நாமளே உக்காந்து நாஸ்டால்ஜியா போஸ்ட் போடுவோம், போட்டோவுக்கு ஏதாவது பழைய சினிமாவுல இருந்து ஸ்க்ரீன்ஷாட் எடுத்து.

அப்புறம் தடைக்காலம். ஏப்ரல் 15ல இருந்து ஜூன் 14 வரைக்கும் 61 நாள் விசைப்படகு கடலுக்கு போவக்கூடாது, மீனு குஞ்சு பொரிக்கிற நேரம்னு கவர்மென்ட்டு ரூலு. அந்த ரெண்டு மாசம் போட்டோ வாக்கு லிஸ்ட்டுல காசிமேடு இருக்கவே இருக்காது, "ஆக்‌ஷன் இல்ல ப்ரோ". அண்ணே, அந்த ரெண்டு மாசத்துலதான் படகெல்லாம் கரையில ஏத்தி அடிப்பலகைய மாத்துறாங்க, இன்ஜின கீழ இறக்கி பிரிச்சு போடுறாங்க, பெயின்ட் அடிக்கிறாங்க, வலைய நீளமா விரிச்சுப் போட்டு ஒக்காந்து கிழிசல தைக்கிறாங்க. ஃபைபர் போட்டுங்க மட்டும் கிட்டக்க போய்ட்டு வரும், மேற்குக் கரைக்கு தடைக்காலம் ஜூன்லதான் ஆரம்பிக்கும்ன்றதால கேரளா பக்கத்துல இருந்து லாரில ஐஸ் மீனு வரும், அக்காங்க அத வாங்கி விப்பாங்க. வேலைக்கு வந்த வெளியூர்க்காரங்க சொந்த ஊருக்கு திரும்புவாங்க, இருக்கறவங்க கெடைச்ச கூலி வேலைக்கு போவாங்க. ஒரு ஹார்பரு எப்படி மூச்சு விடுதுன்னு பாக்கணும்னா அந்த 61 நாள்லதான் பாக்கணும். ஆனா சூரியனுக்கு முன்னாடி கூடை தூக்கிட்டு போக ஆளு இல்ல, அதனால நாம ஏற்காடு ட்ரிப் போட்டுருவோம்.

இன்னொரு கூத்து. ஒவ்வொரு படகு மேலயும் ஐஎன்டி டிஎன்னு ஆரம்பிச்சு ஒரு பதிவு நம்பர் எழுதியிருக்கும். அந்த நம்பர் ஒண்ணு போதும், நாளைக்கு எவனாவது இந்தப் படகு எது, எந்த ஊருதுன்னு கண்டுபிடிக்க. எடிட்டிங் கிளாஸ்ல நாம சொல்லிக்கொடுக்கறது என்னன்னா, பேக்ரவுண்டு க்ளீனா இருக்கணும், அந்த எழுத்து கண்ண இழுக்குது, க்ளோன் பண்ணி எடுத்துரு. கடை போர்டு, சுவர்ல ஒட்டுன போஸ்டர், ஆட்டோ பின்னாடி எழுதின வாசகம், கட்சிக் கொடி, செல்போன் டவர், கேபிள் ஒயரு, எல்லாத்தையும் துடைச்சு எடுத்துட்டு அப்புறம் அதுக்கு டாக்குமென்டரின்னு ஹேஷ்டேக் வேற.

கறுப்பு வெள்ளைக்கு வரேன், கோச்சுக்காதீங்க. கறுப்பு வெள்ளைல நல்ல போட்டோவே கிடையாதுன்னு சொல்ற அளவுக்கு எனக்கு பைத்தியம் புடிக்கல. ஆனா ஏன் கறுப்பு வெள்ளைன்னு கேட்டா வர்ற பதில் "மூட்" தான். ஏழைங்கன்னா கறுப்பு வெள்ளை, அபார்ட்மென்ட்டுன்னா கலர், இது எப்படி தானா செட்டாவுதுன்னு யோசிச்சு பாருங்க. ரகுபீர் சிங்னு ஒருத்தர் இருந்தாரு, ஜெய்ப்பூர்ல 1942ல பொறந்தவரு, 1999ல போய்ட்டாரு. பெரிய பெரிய ஆளுங்க எல்லாம் கறுப்பு வெள்ளைதான் சீரியஸ் வேலைன்னு நெனச்ச காலத்துலயே இந்தியத் தெருவ கலர்லதான் எடுக்கணும்னு விடாம வாதாடி, வாழ்நாள் பூரா கலர்லயே எடுத்தாரு. நம்ம ஊருக்கே ஒரு உதாரணம் சொல்றேன். 2021 மே மாசத்துல இருந்து பொம்பளைங்களுக்கு சாதா கட்டண பஸ்ல டிக்கெட்டுக்கு காசு கிடையாது, அடுத்த வருஷம் அந்த பஸ்ஸோட மூஞ்சியில பிங்க் பெயின்ட் அடிச்சாங்க. காலைல வீட்டு வேலைக்குப் போற அக்கா ஒருத்தங்க காசு குடுக்க வேண்டிய பஸ்ஸ விட்டுட்டு பிங்க் பஸ்ஸுக்காக காத்துக்கிட்டு நிக்கிறாங்கன்னா அதுக்குள்ள ஒரு வீட்டோட மாச பட்ஜெட்டே இருக்கு. அத கறுப்பு வெள்ளைல மாத்திட்டா ஒரு பொம்பள பஸ் ஸ்டாப்புல நிக்கிறாங்க, அவ்ளோதான். கீழ "வெயிட்டிங்"னு ஒரு கேப்ஷன்.

கேப்ஷன். இதுலதான் எனக்கு ரொம்ப எரியுது.

"சைலன்ஸ்." "ஹோப்." "லைஃப் கோஸ் ஆன்." "அவள் கண்களில் ஆயிரம் கதைகள்." ஆயிரம் கதை இருக்குல்ல, ஒண்ண கேட்டு எழுதியிருக்கலாமே. பேரு வேணாம், அவங்களுக்கு இஷ்டம் இல்லன்னா எழுதாதீங்க. தெரு பேரு எழுதலாம், தேதி எழுதலாம், அன்னிக்கு வஞ்சிரம் கிலோ என்ன வெலன்னு எழுதலாம். 2019 ஜூன் ஞாபகம் இருக்கா, பூண்டி, சோழவரம், செங்குன்றம், செம்பரம்பாக்கம் நாலும் வத்திப்போயி ஊரே லாரிக்கு பின்னாடி ஓடுச்சு. அப்ப நம்ம எல்லார் ஃபீடுலயும் பிளாஸ்டிக் குடம்தான், வரிசையா, பச்சை மஞ்சள் சிவப்புன்னு. நல்ல படங்கதான். ஆனா தேதியும் தெருவும் இல்லாததால அது 2019 பஞ்சமா, இல்ல லாரித் தண்ணி மட்டுமே வர்ற ஒரு தெருவுல எல்லா வருஷமும் நடக்கற சாதாரண செவ்வாக்கிழமையான்னு பாக்கறவனுக்கு தெரியாது. அந்த ரெண்டுக்கும் எவ்ளோ வித்தியாசம் இருக்கு! ஒண்ணு மழை பொய்ச்ச கதை, இன்னொண்ணு பைப் போடாத கதை. கேப்ஷன் ஒண்ணு இல்லாததால ரெண்டும் ஒரே படமா ஆயிடுச்சு.

தேதி எல்லாம் எக்ஸிஃப்ல, அதான் போட்டோ ஃபைலுக்குள்ளயே கேமரா பதியற விவரத்துல, தானா இருக்குமேன்னு டெக்னிக்கல் அண்ணனுங்க சொல்லுவாங்க. இருக்கும், உங்க ஹார்டு டிஸ்க்குல. வாட்ஸப்புல அனுப்புன நிமிஷமே அது கழண்டு போச்சு, இன்ஸ்டால போட்டா பாக்கறவனுக்கு அது கெடைக்காது. கேமராவுல பேட்டரி மாத்தி கடிகாரம் செட் பண்ணாம விட்டவங்க எத்தனை பேருன்னு வேற எனக்குத் தெரியும். ஹார்டு டிஸ்க்கு எத்தனை வருஷம் வரும்னு நான் சொல்ல வேண்டியதில்ல. 2000கள்ல நம்ம ஊரு ஆளுங்க பூரா ஃப்ளிக்கர்ன்ற போட்டோ சைட்டுல இருந்தாங்களே, 2018 கடைசில அவங்க ஃப்ரீ அக்கவுண்டுக்கு ஆயிரம் போட்டோதான், மீதிய அழிச்சுருவோம்னு அறிவிச்சப்ப பாஸ்வேர்டே மறந்துபோனவங்க கதி என்ன. அதனாலதான் சொல்றேன், போட்டோ கூடவே எழுத்தும் ஒட்டிக்கிட்டு இருக்கணும், ஒரு இடத்துல மட்டும் இருக்கவும் கூடாது. விக்கிமீடியா காமன்ஸ்னு ஒண்ணு இருக்கு, யாரு வேணா போட்டோ ஏத்தி வைக்கிற விக்கிபீடியாகாரங்க சைட்டு, காசு இல்ல, அல்காரிதம் இல்ல, லைக்கும் இல்ல, லைக் இல்லன்றதுனாலயே நம்மாளுங்க யாரும் அந்தப் பக்கம் எட்டிப் பாக்கறதில்ல. மாசத்துக்கு பத்து படம், சுமாரான படமே போதும், இடம் தேதியோட தமிழ்லயே விவரம் எழுதி அங்க ஏத்தச் சொல்லுங்க உங்க மெம்பர்ங்கள.

சுமாரான படம்னு தெரிஞ்சேதான் சொன்னேன். பாரிஸ்ல யூஜின் அட்ஜேன்னு ஒருத்தரு, 1857ல பொறந்து 1927ல செத்தாரு. கனமான மரக் கேமராவையும் கண்ணாடி பிளேட்டையும் தூக்கிக்கிட்டு விடிகாலைல போயி கடை வாசல், படிக்கட்டு, மூலைக் கடை, தெருவுல கூவி விக்கிறவங்க, இடிக்கப் போற பழைய சந்து, இப்படியே முப்பது வருஷத்துக்கு எடுத்தாரு. தன்ன ஆர்ட்டிஸ்ட்னு சொல்லிக்கல, ஓவியர்களுக்கு மாடலா பாத்து வரைய, லைப்ரரிக்கு, மியூசியத்துக்குன்னு வித்துத்தான் பொழச்சாரு, எது எந்த தெருன்னு குறிச்சும் வச்சிருந்தாரு. பழைய பாரிஸ் எப்படி இருந்துச்சுன்னு இன்னிக்கு ஒருத்தன் கேட்டா போய் நிக்கிற இடம் அந்த ஆளோட படம்தான். அவர் செத்ததுக்கு அப்புறம் அந்த பிளேட்டுங்கள காப்பாத்துன பெரனிஸ் அபட்டுன்ற அம்மா நியூயார்க்குக்கு திரும்பிப் போயி 1930கள்ல கவர்மென்ட் காசுலயே அந்த ஊரு மாறுறத வரிசையா எடுத்தாங்க, அவங்க டீம்ல எடுத்த இடத்தப் பத்தி விசாரிச்சு குறிப்பு எழுதறதுக்குன்னே ஆளுங்க இருந்தாங்க. நமக்கு கவர்மென்ட் காசு வேணாம், குறிப்பு எழுதற ஆளாவது வேணாமா?

நம்ம ஊருல என்னென்ன போச்சுன்னு பாருங்க. 1953ல ட்ராம் நின்னுச்சு. 1985ல மூர் மார்க்கெட் எரிஞ்சுச்சு. 1996ல கொத்தவால் சாவடி காய்கறி மார்க்கெட்ட கோயம்பேட்டுக்கு தூக்கிட்டாங்க. 2008ல டிரைவ் இன் உட்லண்ட்ஸ் ஹோட்டல மூடுனாங்க. மூர் மார்க்கெட்டுக்கு நான் தேடுனப்ப எனக்கு கெடைச்சது பெரும்பாலும் செக்கச்செவேல்னு கட்டடத்தோட முகப்புதான், போஸ்ட்கார்டு கணக்கா. உள்ள பழைய புஸ்தகக் கடையில பேரம் பேசுற ஒரு சாதாரண புதன்கிழமை மத்தியானம்? எங்கப்பா வாயால சொல்லித்தான் எனக்குத் தெரியும். அதெல்லாம் ஃபிலிம் காலம், ஒரு ரோலுக்கு 36 படம், கழுவ காசு, சரி விடுவோம். கோயம்பேடு வெளியூர் பஸ் ஸ்டாண்டுக்கு என்ன சாக்கு? 2002ல தொறந்தாங்க, 2023 டிசம்பர் 30ல கிளாம்பாக்கம் பஸ் ஸ்டாண்ட தொறந்து அதுக்கப்புறம் தெக்கால போற வண்டி எல்லாத்தையும் கொஞ்சம் கொஞ்சமா அங்க தள்ளிட்டாங்க. இருவது வருஷம், ஒவ்வொரு பொங்கலுக்கும் தீவாளிக்கும் பாதி ஊரு அங்க இருந்துதான் பஸ் ஏறுச்சு. பிளாட்பாரத்துல பெட்ஷீட் விரிச்சு தூங்குன குடும்பம், மதுரை மதுரை திருச்சி திருச்சின்னு கத்துன ஆம்னி பஸ் புரோக்கருங்க, வாட்டர் பாட்டில் விக்கிற பையன், ஊருக்கு கொண்டுபோற டிவி பெட்டி. எல்லார் கையிலயும் கேமரா இருந்த காலம் அது. அதுக்கு ஒரு கிலோமீட்டர் தள்ளி பூ மார்க்கெட்டுல நாம சாமந்திய மேல இருந்து எடுத்துக்கிட்டு இருந்தோம்.

இன்னொண்ணும் கேக்கணும். நாம எடுக்கற "எவ்ரிடே லைஃப்"ல நாம எங்க? பிளாட்பாரத்துல தூங்குறவர எடுக்கறோம், ரிக்‌ஷால சாஞ்சிருக்கற தாத்தாவ எடுக்கறோம், கண்ணகி நகர் போனா 2020ல வரைஞ்ச அந்தப் பெரிய சுவரோவியத்துக்கு முன்னாடி யாராவது நடந்து போற வரைக்கும் காத்திருந்து எடுக்கறோம், சுவத்துக்குப் பின்னாடி இருக்கற வீட்டுக்குள்ள என்னன்னு ஒருத்தரும் எட்டிப் பாக்கறதில்ல. சரி, நுங்கம்பாக்கத்துல கண்ணாடி போட்ட ரெஸ்டாரன்ட் வெளிய நின்னு, உள்ள சாப்பிடற குடும்பத்த, தூரத்துல இருக்கறத கிட்ட இழுக்குற 70-200 லென்ஸ் போட்டு எடுத்து "பசி"ன்னு கேப்ஷன் வச்சு போட்டுப் பாருங்களேன், செக்யூரிட்டி வர எத்தனை நிமிஷம் ஆவுதுன்னு. பொது இடம்னா எடுக்கலாம்னு வாக்குக்கு முன்னாடி நீங்க சொல்ற ரூலு சரிதான், 2017ல 9 நீதிபதிங்க சேந்து பிரைவசி அடிப்படை உரிமைன்னு சொன்ன தீர்ப்பு தெரு போட்டோவுக்கு எவ்ளோ தூரம் பொருந்தும்னு வக்கீலுங்க பேசட்டும். என் கணக்கு சுலபம். கதவு இருக்கறவன எடுக்க பயப்படறோம், கதவு இல்லாதவன எடுக்க பயப்படல. அதனால நம்ம ஆல்பத்துல மெட்ராஸ்னா கதவு இல்லாதவங்க மட்டும் வாழற ஊரா இருக்கு. ஓஎம்ஆர்ல கம்பெனி பஸ் ஏறக் காத்திருக்கற லைன், சனிக்கிழமை ட்யூஷனுக்கு ஸ்கூட்டில மூணு புள்ளைங்கள ஏத்திட்டு போற அம்மா, கிச்சன் வாசல்ல ஆர்டருக்கு காத்துக்கிட்டு போன பாத்துட்டு நிக்கிற டெலிவரி தம்பிங்க, அபார்ட்மென்ட் சங்க மீட்டிங்ல நடக்கற சண்டை, டீக்கடையில "பத்து ரூபாய் பெறப்பட்டது"ன்னு கத்துற அந்த டப்பா, பல்லாவரம் வெள்ளிக்கிழமை சந்தையில பழைய கீபோர்ட தட்டிப் பாக்கற ஆளு, இதெல்லாமும் இந்த ஊருதான். உங்க வீட்டு லிஃப்ட்டும் இந்த ஊருதான்.

ஒரே இடத்துல நிக்கத் தெரிஞ்சவங்க இல்லாம இல்ல. போட்டோகிராபர் எம். பழனிக்குமார் வேலைய பாத்தவங்களுக்கு நான் சொல்றது புரியும். மலக்குழியில இறங்கி வேலை செய்யறவங்களையும் அதுல செத்தவங்க குடும்பத்தையும் வருஷக்கணக்கா போயிப் போயி எடுத்தவரு, மதுரையில மீன் வித்த தன்னோட அம்மாவையே எடுத்தவரு. கிராமத்து ஜனங்க வாழ்க்கைய பதிவு பண்ற பரி இணையதளத்துல அவர் படத்துக்கு கீழ இருக்கற குறிப்ப ஒரு தடவ படிச்சுப் பாருங்க, யாரு, எங்க, என்ன வேலைன்னு இருக்கும். "அவள் கண்களில்"னு ஒரு வரி இருக்காது. உழைக்கிற ஜனங்க வீட்டுப் புள்ளைங்களுக்கு கேமராவும் சொல்லிக்குடுக்குறாரு. எல்லாரும் அவர் மாதிரி ஆகணும்னு கேக்கல, நமக்கு வேலை வெட்டி இருக்கு, ஞாயித்துக்கிழமை அரை நாள்தான் கெடைக்குது, தெரியும். அந்த அரை நாள ஒரே தெருவுல திரும்பத் திரும்ப செலவு பண்ணலாம்ல?

சும்மா குறை சொல்லிட்டு போற ஆளுன்னு பேர் வாங்க வேணாம், அதனால ஒரு ரூட்டும் சொல்லிடறேன்.

29சி. பெரம்பூர்ல இருந்து பெசன்ட் நகர். இந்த ஊருல அந்த பஸ்ஸுல போகாதவங்க யாரு இருக்கா. புரசைவாக்கம், நுங்கம்பாக்கம், ஜெமினி, மயிலாப்பூர், அடையாறுன்னு வட சென்னைய எடுத்து தென் சென்னையில கொண்டுபோய் இறக்கி விடும். இப்ப மெட்ரோ ரெண்டாவது கட்டம், மொத்தம் கிட்டத்தட்ட 119 கிலோமீட்டர், மூணு லைன், தோண்டிக்கிட்டு இருக்காங்கல்ல, அதுல மாதவரம் டு சிப்காட் லைனு இருக்கே, மேப்ப எடுத்து வச்சு பாருங்க, பெரம்பூர்ல இருந்து அடையாறு வரைக்கும் கிட்டத்தட்ட நம்ம 29சி போற வழிக்கு அடியிலதான் போவுது. தற்செயலா என்னன்னு தெரியல, எனக்கு அத மேப்புல பாத்த அன்னிக்கு தூக்கம் வரல. அந்த லைன் முழுசா ஓட ஆரம்பிச்சுட்டா இந்த பஸ்ல ஏறுற ஜனம், ஸ்டாப்புல இருக்கற கடை, பூக்காரம்மா ஒக்கார இடம், ஷேர் ஆட்டோ நிக்கிற மூலை, பக்கத்து வீட்டு வாடகை, எல்லாம் மாறும். மாறுறது நல்லதா கெட்டதான்னு நான் சண்டைக்கு வரல, எனக்கும் மெட்ரோ புடிக்கும், ஏசில போவலாம். ஆனா மாறுறதுக்கு முந்தி எப்படி இருந்துச்சுன்னு எடுத்து வைக்க இப்பதான் டைம், இப்பவே லேட்டு. அந்தத் தகரத் தடுப்பு இருக்கே, வருஷக்கணக்கா ரோட்ட மறைச்சுக்கிட்டு, அதுக்குப் பின்னாடி மாட்டிக்கிட்ட கடைக்காரங்க "கடை திறந்துள்ளது"ன்னு பெயின்ட்ல எழுதி அம்புக்குறி போட்டு வைக்கிறாங்க, ஜனங்க ரெண்டடி சந்துல குடைய மடக்கிக்கிட்டு ஒருத்தர ஒருத்தர் உரசிக்கிட்டு போறாங்க, தடுப்பு மேலயே துணி காயப் போடறாங்க, ராத்திரி ஷிஃப்ட் முடிஞ்ச வடக்கத்தி பசங்க ஹெல்மெட்டோட டீ குடிக்கிறாங்க. இது எல்லாம் இப்போதைக்கு நம்ம மூஞ்சிக்கு நேரா இருக்கு. ட்ராஃபிக்னு திட்டிக்கிட்டே தாண்டிப் போயி காசிமேட்டுல வண்டிய நிறுத்தறோம்.

ஒரு குரூப்புக்கு ரெண்டு ஸ்டாப்னு பிரிச்சுக்குங்க. அதே ஸ்டாப்புக்கு மாசம் ஒரு தடவ போங்க, அதே நாலு பக்கத்தையும் எடுங்க, ஞாயித்துக்கிழமை மட்டும் வேணாம், முடிஞ்சவங்க வேலை நாள்ல ஆபீஸ் போற வழில எடுக்கட்டும், கேமரா வேணும்னு இல்ல, போன் போதும். கடைக்காரங்கள எடுத்தா அடுத்த மாசம் போறப்ப ஒரு பிரின்ட் போட்டு கொண்டுபோய் கையில குடுங்க, ரெண்டு டீ காசுதான் ஆவும், அதுக்கு அப்புறம் அவங்களே சொல்லுவாங்க இந்தக் கடை எப்ப வந்துச்சு, முன்னாடி என்ன இருந்துச்சுன்னு, கேப்ஷன் தானா வரும். வேணாம்னு சொன்னவங்க படத்த போடாதீங்க, சின்னப் புள்ளைங்கன்னா பெத்தவங்கள கேளுங்க. ஃபீச்சர் பண்றப்ப தனிப் படத்த விட்டுட்டு ஒரே இடத்துல ஆறு மாசம் எடுத்த ஆறு படத்த சேத்து போடுங்க. லைக் கம்மியாத்தான் வரும், எனக்கே தெரியும், பக்கத்து குரூப்பு அன்னிக்கு மயானக் கொள்ளை போட்டு மூவாயிரம் வாங்கியிருப்பான். உங்களுக்கு கொஞ்ச நாள் வயித்தெரிச்சலாத்தான் இருக்கும்.

நான் ரெண்டு ஸ்டாப்பு எடுத்துக்கறேன், பெரம்பூர் பஸ் ஸ்டாண்டும் புரசைவாக்கமும், வீட்டுக்கு கிட்ட. ஜெமினி பக்கம் வேல பாக்குறவங்க, லஸ் பக்கம் குடியிருக்கறவங்க யாராவது அந்த ஏரியாவ எடுத்துக்கிட்டா நல்லா இருக்கும், அடையாறுக்கு ஆளே தேட வேணாம், பாதி குரூப்பு அங்கதான் இருக்கீங்க. முதல் நடை ஒரு வார நாளா இருக்கட்டும், காலைல எட்டு மணி, பஸ்ல கூட்டம் இருக்கற நேரம். ட்ரைபாட தூக்கிட்டு வராதீங்க, கண்டக்டர் ஏத்த மாட்டாரு. ஒரு சின்ன நோட்டும் பேனாவும் கண்டிப்பா எடுத்துட்டு வாங்க, சில்லறையும்.

இப்படிக்கு,
உங்க வாக்குல எப்பவும் கடைசியா வர்ற ராயபுரத்துக்காரன்